திரைக்குப் பின்னால்: ரகசிய யந்திரம்

சினிமா பார்த்துவிட்டுக் கொட்டகையை விட்டு வெளியே வருகிறோம். வீடு வந்து சேரும் வரையில் வழியெல்லாம் அதே பேச்சுத்தான். கதாநாயகியின் புடவை, கதாநாயகனின் சிரிப்பு, வில்லனின் மீசை எல்லாவற்றையும் ஒரு கை பார்த்து விடுகிறோம். கொஞ்சம் விஷயம் தெரிந்தவர்கள் டைரக்டரைப் பற்றி ஒரு வார்த்தை சொல்வார்கள். இன்னும் கொஞ்சம் தெரிந்தவர்கள் காமிராக்காரரையும் சேர்த்துக் கொள்வார்கள். ஆனால், கதாநாயகி உட்கார்ந்திருந்த நாற்காலியைச் செய்த தச்சரைப் பற்றி யாராவது பேசியதுண்டா?

இந்த வாரம் அப்படிப்பட்ட ஒருவரைப் பற்றித்தான் சொல்லப் போகிறேன். அவர் நாற்காலி மட்டும் செய்தவர் அல்ல. ஒரு கிராமத்தையே செய்தவர். அந்தக் கிராமத்தின் வீடுகள், அங்கே நடக்கும் மோட்டார்ப் பந்தயம், பந்தயத்தில் ஓடும் கார்கள் எல்லாம் அவர் கைவண்ணம். பனியும் பைன் மரமும் நிறைந்த நார்வே தேசத்தில், இவோ காப்ரினோ என்ற பொம்மைப் பட டைரக்டருக்கு ஆயுள் முழுவதும் வலது கையாக இருந்தவர் அவர். பெயர் பியார்னே ஸாண்டெமோஸே.

பெயர் வாயில் நுழைய மறுக்கிறதா? இரண்டு தடவை சொல்லிப் பாருங்கள், பழகி விடும். அவரைப் பற்றிச் சொல்ல வேண்டுமானால் தனியாகச் சொல்ல முடியாது. அவரோடு வேலை செய்த மூன்று பெண்களையும் பற்றிச் சொல்லியாக வேண்டும். அவர்களில் முதலாவது பெண், டைரக்டரைப் பெற்றெடுத்த தாயார்!

தாயாரின் பொம்மைகள்

இவோ காப்ரினோ 1920-ம் வருஷம் ஆஸ்லோ நகரத்தில் பிறந்தவர். தகப்பனார் மாரியோ காப்ரினோ இத்தாலிக்காரர். மேஜை நாற்காலி செய்யும் தொழில். தாயார் இங்கெபோர்க் கூடே. நார்வேயின் மலைகளையும் கடல் கழிகளையும் சித்திரத்தில் எழுதி அழியாப் புகழ் பெற்ற ஹான்ஸ் கூடேயின் வம்சத்தில் வந்தவர். ஆக, தகப்பனார் பக்கம் மர வேலை, தாயார் பக்கம் சித்திர வேலை. இரண்டும் கலந்தால் என்ன பிறக்கும்? பொம்மைதான் பிறக்கும்!

1940-களின் நடுவில் இங்கெபோர்க் அம்மாள் ஒரு பொம்மை நாடகத்துக்காகப் பொம்மைகள் செய்து கொண்டிருந்தார். பிள்ளை கூட மாட ஒத்தாசை செய்தான். செய்து கொண்டிருக்கும்போதே அவனுக்கு ஒரு யோசனை தோன்றியது. 'அம்மாவின் பொம்மைகளை மேடையில் ஆட வைப்பதைவிட சினிமாவில் நடிக்க வைத்தால் என்ன?' என்று நினைத்தான்.

எந்தத் தாயாரும் பிள்ளையின் யோசனைக்கு முதலில் சொல்லும் பதில் என்னவென்று நமக்குத் தெரியும். ஆனால் இந்த அம்மாள் ஊசியையும் நூலையும் எடுத்துக் கொண்டு உட்கார்ந்து விட்டார். 1949-ல் 'டிம்மும் டொஃபேயும்' என்று 8 நிமிஷத்தில் ஓடி முடியும் ஒரு சின்னப் படம் வெளியாயிற்று. அந்த 8 நிமிஷம்தான் எல்லாவற்றுக்கும் பிள்ளையார் சுழி.

பிறகு வந்த படங்களில் ஒன்று ஒரு நாடோடிக் கதை. பிடில் வாசிக்கும் சிறுவன் ஒருவனைப் பற்றியது. மூன்று வருஷம் அவன் ஓர் அதிகாரியிடம் மாடாய் உழைக்கிறான். வருஷத்துக்கு ஒன்றாக மூன்றே காசு கூலி கிடைக்கிறது. அதையும் வழியில் கண்ட பிச்சைக்காரனுக்குக் கொடுத்து விடுகிறான். அந்தப் பிச்சைக்காரன் கொடுத்த வரத்தால் அவனுக்கு ஒரு பிடில் கிடைக்கிறது. அவன் வில்லை இழுத்தால் கேட்டவர்கள் எல்லோரும் ஆடியே தீர வேண்டும். கடைசியில் அவனைத் தூக்கில் போட வந்தவர்கள்கூட ஆடுகிறார்கள்!

அதற்குப் பிறகு, குழந்தை வளர்க்கும் தாய்மார்கள் எல்லோருக்கும் பிடிக்கக் கூடிய ஒரு படம். தோர்பியோர்ன் எக்னர் என்ற ஆசிரியர் எழுதிய கதை. ஒரு பையனின் பல்லுக்குள் இரண்டு குட்டிப் பூதங்கள் குடியிருக்கின்றன. ஒன்றின் பெயர் காரியுஸ், இன்னொன்றின் பெயர் பாக்டுஸ். பல் சொத்தைக்கும் பாக்டீரியாக் கிருமிக்கும் டாக்டர்கள் சொல்லும் பெயர்களையே கொஞ்சம் திருகி வைத்த பெயர்கள். பையன் மிட்டாய் தின்னத் தின்ன இவர்களுக்குக் கொண்டாட்டம். பல்லைக் குடைந்து வீடு கட்டிக் கொள்கிறார்கள். கடைசியில் பிரஷ் வருகிறது, பல் டாக்டர் வருகிறார், பூதங்களின் கொட்டம் அடங்குகிறது. 'பல் தேய்த்தாயா?' என்று தினம் தொண்டை கிழியக் கத்துகிறவர்கள், இந்த மாதிரி ஒரு படம் இருந்தால் எவ்வளவு சௌகரியம் என்று நினைப்பார்கள்!

அந்தச் சிறுவனையும், இந்தப் பூதங்களையும் செய்தவர் இங்கெபோர்க் அம்மாள்தான். 1960-களில் அவர் காலமாகும் வரையில் பிள்ளையின் படங்களுக்கு அவரே பொம்மை செய்து கொண்டிருந்தார்.

மந்திரமா, யந்திரமா?

இந்தப் படங்களைப் பார்த்த நார்வே ஜனங்களுக்கு ஒரே ஆச்சரியம். பொம்மைகள் நடக்கின்றன, திரும்புகின்றன, தலையை ஆட்டுகின்றன. கயிறும் தெரியவில்லை, கம்பியும் தெரியவில்லை. இது எப்படி?

முதல் படத்தை எடுத்தபோது காப்ரினோ உண்மையிலேயே ஒரு யந்திர முறையைக் கண்டு பிடித்திருந்தார். காமிரா ஓடிக் கொண்டிருக்கும்போதே பொம்மைகளை விசையினால் அசைக்கிற முறை அது. உயிருள்ள நடிகர்களைப் படம் பிடிப்பது போல், பொம்மை அசைய அசையப் படம் பிடித்து விடலாம். ஆனால், அதன் நுட்பத்தை வெளியே விடவில்லை. அவ்வளவுதான், 'காப்ரினோவிடம் ஒரு ரகசிய யந்திரம் இருக்கிறது' என்ற பேச்சு ஊரெல்லாம் பரவி விட்டது. மனிதர் ஒரே மூச்சில் பிரபலமாகி விட்டார்.

இதிலே வேடிக்கை என்ன தெரியுமா? பிற்பாடு எடுத்த படங்களை அவர் அந்த யந்திரத்தால் எடுக்கவே இல்லை. உலகத்தில் மற்றப் பொம்மைப் படக்காரர்கள் எப்படி எடுக்கிறார்களோ அப்படித்தான் எடுத்தார். பொம்மையைக் கையால் துளி நகர்த்துவது, ஒரு படம் பிடிப்பது, மறுபடியும் துளி நகர்த்துவது, மறுபடி ஒரு படம். ஆனால் ரகசிய யந்திரத்தின் பேரில் ஜனங்களுக்கு இருந்த மயக்கத்தை அவர் கலைக்கவில்லை. ஏதோ மாயம் இருக்கிறது என்றே அவர்கள் நினைத்துக் கொண்டிருக்கட்டும் என்று விட்டு விட்டார்.

வீட்டுக்கு வந்த விருந்தாளி சாம்பாரை ருசி பார்த்துவிட்டு, "பேஷ்! எந்தக் கடைப் பொடி?" என்று கேட்கிறார் என்று வைத்துக் கொள்ளுங்கள். காலையிலிருந்து வறுத்து, இடித்து, சலித்துக் கை ஓய்ந்தவளுக்கு அப்போது எப்படி இருக்கும்? நார்வே ஜனங்கள் கேட்டதும் ஏறக்குறைய அந்தக் கேள்விதான். பொம்மைகளை ஆட்டி வைக்கும் யந்திரம் எது என்று கேட்டார்கள். ஆட்டி வைத்த கைகள் யாருடையவை என்று கேட்கவில்லை.

ஒரு நொடிக்கு 24

அந்தக் கைகளின் வேலை எப்படிப்பட்டது என்று கொஞ்சம் பார்க்கலாம்.

சினிமாவில் ஒரு நொடிக்கு 24 படங்கள் ஓடுகின்றன. பொம்மை தன் கையைத் தூக்கி வணக்கம் சொல்ல ஒரு நொடி ஆகிறது என்றால், அந்தக் கையை 24 தடவை துளித் துளியாக உயர்த்த வேண்டும். ஒவ்வோர் அசைவுக்கும் இரண்டு படங்களாகப் பிடித்து வேலையைப் பாதியாக்குகிறவர்களும் உண்டு. அப்படி வைத்துக் கொண்டாலும் 12 தடவை. இரண்டு பொம்மைகள் எதிரும் புதிருமாக நின்று பேசினால்? இரண்டையும் நகர்த்த வேண்டும். பின்னால் ஒரு கடியாரத்தின் முள் ஓடினால் அதையும் நகர்த்த வேண்டும்.

பொம்மைக்குள்ளே மூட்டு மூட்டாக வளையும் ஓர் எலும்புக்கூடு வேண்டும். மூட்டு தளர்ந்திருந்தால் தூக்கிய கை தானே தொய்ந்து விடும். இறுகியிருந்தால் துளி நகர்த்த நினைத்தது ஒரேயடியாக நகர்ந்து விடும். ஒற்றைக் காலில் நிற்கும் பொம்மை கீழே விழாதபடி பாதத்தைத் தரையோடு பிடித்து வைக்க வேண்டும். தரை ஆடக் கூடாது. விளக்கு மங்கக் கூடாது. பாதிக் காட்சி எடுத்திருக்கும்போது யாராவது மேஜையின் மேல் இடித்துக் கொண்டால் அன்றைய வேலை குட்டிச் சுவர்!

தைக்கத் தெரிந்தவர்களுக்கு இன்னொரு சங்கடமும் உடனே புரியும். பொம்மைக்குப் போட்ட சட்டையின் துணி மெல்லியதாக இருந்தால், ஒவ்வொரு தடவை விரல் படும்போதும் மடிப்பு மாறும். திரையில் பார்த்தால் சட்டைக்குள் எறும்பு ஊர்வது போல் துணி துடித்துக் கொண்டே இருக்கும். துணியில் போட்ட கட்டமும் பூவும் பொம்மையின் அளவுக்குத் தக்கபடி பொடியாக இருக்க வேண்டும். நம் சட்டைப் பொத்தானை அதற்குத் தைத்தால், சட்டையில் சாப்பாட்டுத் தட்டைத் தொங்க விட்டது போல் இருக்கும்.

பொறுமை, பொறுமை, மேலும் பொறுமை! யந்திரத்தின் ரகசியம் இவ்வளவுதான்.

வயிற்றுப் பாடும் பெரிய கனவும்

காப்ரினோ பணம் படைத்த பட முதலாளி அல்ல. வயிற்றுப் பாட்டுக்காக டஜன் கணக்கில் விளம்பரப் படங்கள் எடுத்தார். பொம்மைகள் சாமான்களைப் புகழ்ந்து தள்ளின. 1950-களின் கடைசியில் மனிதர்களை வைத்து ஒரு முழு நீளப் படமும் எடுத்துப் பார்த்தார்.

அவருடைய பெரிய கனவு வேறு. 19-ம் நூற்றாண்டில் பேட்டர் கிறிஸ்டன் அஸ்பியோர்ன்ஸன் என்பவர் நார்வே முழுவதும் ஊர் ஊராகச் சுற்றிப் பாட்டிக் கதைகளைச் சேகரித்தார். அவருடைய பிரயாணத்தை மனிதர்களைக் கொண்டும், கேட்ட கதைகளைப் பொம்மைகளைக் கொண்டும் ஒரே பெரிய படமாக எடுத்துவிட வேண்டும் என்று காப்ரினோ திட்டம் போட்டார். பணம் கிடைக்கவில்லை. விட்டு விட்டாரா? இல்லை. கதைகளைத் தனித் தனியாக, கால் மணி நேரப் படங்களாக எடுத்துக் கொண்டே போனார். 1967-ல் வந்த ஒன்றில், சாம்பலில் உட்கார்ந்து கொண்டிருக்கும் உதவாக்கரைப் பையன் ஒருவன் பெரிய பூதத்தோடு கஞ்சி குடிக்கும் போட்டி போட்டு ஜெயிக்கிறான்.

இந்தச் சமயங்களில் எல்லாம் ஸ்டூடியோவின் ஒரு மூலையில் இழைப்புளியும் திருப்புளியுமாக நின்று கொண்டிருந்தவர்தான் ஸாண்டெமோஸே. காப்ரினோவுக்கு ஒரு குகை வேண்டும், ஒரு குடிசை வேண்டும், ஒரு அரண்மனை வேண்டும். 'இப்படி ஒன்று செய்ய முடியுமா?' என்று டைரக்டர் கேட்பதும், அதை எப்படிச் செய்யலாம் என்று கைவேலைக்காரர் கண்டு பிடிப்பதும், இரண்டு பேருடைய வாழ்நாள் பூராவும் நடந்த சம்பாஷணை.

வீணான ஒன்றரை வருஷம்

1970-ல் ஒரு புது வேலை ஆரம்பமாயிற்று. ஷெல் ஔக்ருஸ்ட் என்று நார்வேயில் ஒரு ஹாஸ்ய ஆசிரியர் இருந்தார். சித்திரமும் போடுவார், கதையும் எழுதுவார். காப்ரினோ பிறந்த அதே 1920-ல் பிறந்தவர். 'ஃப்ளோக்லீபா' என்று ஒரு கற்பனைக் கிராமத்தைப் படைத்து, அதிலே விசித்திரமான பேர்வழிகளைக் குடியேற்றியிருந்தார். சைக்கிள் ரிப்பேர் செய்யும் ஒரு கிழவர், எதற்கும் அஞ்சாத ஒரு பறவை, எதற்கெடுத்தாலும் அஞ்சி நடுங்கும் ஒரு முள்ளம்பன்றி! இவர்களை வைத்து டெலிவிஷனுக்காக 25 நிமிஷப் படம் ஒன்று எடுப்பது என்று ஏற்பாடு.

ஸாண்டெமோஸே கிராமத்தைக் கட்டினார். பொம்மைகளை உருவாக்கும் வேலை இங்கெபோர்க் ரீஸர் என்ற பெண்மணியிடம் வந்திருந்தது. தாயார் விட்டுச் சென்ற இடத்துக்கு வந்தவருக்கும் அதே பெயர் அமைந்தது பாருங்கள்! பொம்மைகளுக்கு உடை தைப்பதும், கிண்ணம், விளக்கு, பெட்டி, படுக்கை என்று அவர்கள் புழங்கும் சாமான்களைச் செய்வதும் கெர்ட் ஆல்ஃப்ஸன் என்ற இன்னொரு பெண்மணியின் வேலை.

ஒன்றரை வருஷம் வேலை நடந்தது. எடுத்த வரையில் போட்டுப் பார்த்தார்கள். துண்டு துண்டாக வேடிக்கை இருந்தது, கதை இல்லை. ஒட்டவில்லை. 'இது வேண்டாம், நிறுத்தி விடுவோம்' என்று முடிவாயிற்று. அந்தப் படத்தைப் பிற்பாடு வெளியுலகம் பார்க்கவே இல்லை, சில வினாடித் துணுக்குகளைத் தவிர.

ஒன்றரை வருஷம்! முழங்கை வரைக்கும் பின்னி முடித்த ஸ்வெட்டரை, அளவு சரியில்லை என்று பிரித்துப் போட்டவர்களுக்குத்தான் அந்த வேதனை தெரியும். ஆனால் அவர்களுக்கே இன்னொன்றும் தெரியும். பின்னல் பிரிந்தாலும் நூல் கையில் இருக்கிறது!

ஃப்ளோக்லீபாவிலும் அதுதான் நடந்தது. படம் போயிற்று, கிராமம் போகவில்லை. வீடுகள் நின்றன. பொம்மைகள் நின்றன. உடைகள் இருந்தன. 'இவ்வளவும் இருக்கும்போது ஒரு முழு நீளப் படமே எடுத்தால் என்ன?' என்று காப்ரினோவும் ஔக்ருஸ்டும் உட்கார்ந்து புதிதாகக் கதை வசனம் எழுத ஆரம்பித்தார்கள். தோற்றுப் போன படத்துக்காகச் செய்த சாமான்களே ஜெயித்த படத்துக்கு முதலாயின. பின்னணியில் உழைத்தவர்களின் வேலை நன்றாக இல்லாமல் போயிருந்தால், அன்றைக்கே கதை முடிந்திருக்கும்.

திருட்டுப் போன எஞ்சின்

புதுக் கதை என்ன? அதைக் கேட்டால் நீங்கள் சிரிப்பீர்கள். பிறகு கொஞ்சம் யோசிப்பீர்கள்.

சைக்கிள் ரிப்பேர்க் கிழவரின் பெயர் ரேயோதோர் ஃபெல்கன். மலையுச்சியில் வீடு. ரிப்பேர் செய்வதைவிட விசித்திர யந்திரங்கள் செய்வதிலேதான் அவருக்கு ஆசை அதிகம். பறவை ஸோலானும் முள்ளம்பன்றி லுத்விக்கும் அவருக்கு உதவியாட்கள். ஒரு நாள் அவர்களுக்குத் திடுக்கிடும் சமாசாரம் ஒன்று தெரிய வருகிறது. முன்பு கிழவரிடம் வேலை பார்த்த ருடால்ஃப் என்பவன், கிழவர் கண்டு பிடித்த பந்தயக் கார் எஞ்சினின் திட்டத்தைத் திருடிக் கொண்டு போயிருக்கிறான். அதை வைத்துக் கொண்டு அவன் உலக சாம்பியன் ஆகி விட்டான்! ஊரெல்லாம் அவனுக்கு மாலை. கிழவரை யாருக்கும் தெரியாது.

கிழவர் என்ன செய்கிறார்? கோர்ட்டுக்குப் போகவில்லை. ஊருக்கு ஓய்வெடுக்க வந்த அராபிய எண்ணெய்ச் சீமான் ஒருவரிடம் ஸோலான் சாமர்த்தியமாகப் பேசிப் பணம் வாங்கி விடுகிறது. மூன்று பேரும் சேர்ந்து ஒரு பூதாகாரமான கார் கட்டுகிறார்கள். பெயர் 'இல் டெம்போ ஜிகாண்டே'. இரண்டு எஞ்சின்கள், ராடார், போதாக்குறைக்குச் சொந்தமாக ஒரு ரத்த பாங்க்! பந்தயத்தில் ருடால்ஃப் செய்யும் சூழ்ச்சிகளை எல்லாம் மீறிக் கிழவர் ஜெயிக்கிறார்.

கவனித்தீர்களா? ஒருவன் கை உழைக்க, இன்னொருவன் பெயர் ஓங்குகிறது என்பதுதான் இந்தக் கதையின் அடிப்படை. இந்தக் கதைக்குக் கார் கட்டியவரோ, ஆயுள் பூராவும் இன்னொருவர் பெயரில் வெளியான படங்களுக்குக் கை கொடுத்தவர்!

இந்தப் படத்தை எடுத்து முடிக்க 3½ வருஷம் ஆயிற்று. எத்தனை பேர் வேலை செய்தார்கள்? சுமார் 5 பேர். காப்ரினோ டைரக்ட் செய்ததோடு பொம்மைகளையும் தம் கையாலேயே அசைத்தார். ஸாண்டெமோஸே கட்டடங்களையும் கார்களையும் கட்டி, யந்திர சம்பந்தமான பொறுப்புகளை எல்லாம் ஏற்றுக் கொண்டார். ரீஸர் பொம்மைகளை உருவாக்கினார். ஆல்ஃப்ஸன் உடையும் சாமானும் செய்தார். படம் 88 நிமிஷம் ஓடுகிறது. கணக்குப் போட்டுப் பாருங்கள்: 1,26,720 படங்கள்! இரண்டிரண்டாகப் பிடித்தாலும் 63,360 தடவை நகர்த்த வேண்டும்.

1975 ஆகஸ்டில் படம் வெளியாயிற்று. நார்வேயின் ஜனத்தொகை அப்போது ஏறக்குறைய 40 லட்சம். முதல் வருஷத்திலேயே 10 லட்சம் டிக்கெட்டுகள் விற்றன. அதாவது, நாலு பேருக்கு ஒரு டிக்கெட்! பிற்பாடு மொத்தம் 55 லட்சம் டிக்கெட் விற்றதாக ஸ்டூடியோக்காரர்கள் கணக்குச் சொன்னார்கள். பாட்டிமார்கள் பேரன் பேத்திகளை அழைத்துக் கொண்டு போனார்கள். அந்தப் பேரன் பேத்திகள் வளர்ந்து தங்கள் குழந்தைகளை அழைத்துக் கொண்டு போனார்கள். நார்வேயில் இதற்கு மேல் ஓடிய படம் வேறு இல்லை என்று சொல்கிறார்கள்.

நிஜமாகவே ஓடிய கார்

படத்தை வெளிநாடுகளில் விளம்பரம் செய்ய வேண்டி வந்தது. சாதாரணமாக என்ன செய்வார்கள்? சுவரொட்டி அடிப்பார்கள். இங்கே அப்படி இல்லை. காப்ரினோவும் ஸாண்டெமோஸேயும் சேர்ந்து, படத்தில் வந்த அந்த விசித்திரக் காரை நிஜ அளவிலேயே கட்டி விட்டார்கள்! காட்சிக்கு வைக்கும் வெறும் கூடு என்று நினைக்காதீர்கள். எஞ்சின் வைத்து ஓடும் கார். பொது ரஸ்தாவில் ஓட்டுவதற்குச் சட்டப்படி அனுமதி பெற்ற கார்.

பித்தளையும் செம்பு நிறமுமாகப் பளபளத்துக் கொண்டு, ஒரு சின்னக் கப்பலைப் போன்ற நீளத்துடன் அது தெருவில் வந்தால் எப்படி இருக்கும்! படத்திலே கிழவர் கட்டியதாகக் காட்டிய காரை, வாழ்க்கையிலே ஸாண்டெமோஸே கட்டிக் காட்டி விட்டார். லில்லெஹாமர் நகரத்துக்குப் பக்கத்தில் ஹுண்டர்ஃபோஸன் என்ற இடத்தில் ஒரு குடும்ப உல்லாசப் பூங்கா இருக்கிறது. காரை அங்கே காட்சிக்கு வைத்தார்கள். காப்ரினோவும் பிற்காலத்தில் படம் எடுப்பதை ஏறக்குறைய நிறுத்தி விட்டு, அந்தப் பூங்காவுக்காகத் தம்முடைய பூதங்களையும் பாட்டிக் கதைகளையும் காட்சிகளாக அமைத்துக் கொடுப்பதில் ஈடுபட்டார். 2001-ல் தம்முடைய 80-வது வயதில் காலமானார். அடுத்த ஆண்டு ஔக்ருஸ்டும் மறைந்தார்.

ஆனால் கிராமம் மறையவில்லை. 2013-ல் வேறொரு ஸ்டூடியோவில் புதிய தலைமுறையினர் ஸோலானையும் லுத்விக்கையும் வைத்துப் புதுப் படம் எடுத்தார்கள். கம்ப்யூட்டரில் எதை வேண்டுமானாலும் செய்துவிடலாம் என்று வந்துவிட்ட காலம் அது. அப்படியும் அவர்கள் பழைய வழியிலேயே போனார்கள்: பொம்மை, துளி நகர்த்தல், ஒரு படம். 2015-லும் 2018-லும் இன்னும் இரண்டு படங்கள் வந்தன. ரகசிய யந்திரத்தின் பெருமையைப் பாருங்கள்!

யாருடைய படம்?

இப்போது ஒரு நியாயமான கேள்வி கேட்கலாம். "உங்கள் காப்ரினோவுக்கும் கதையில் வந்த ருடால்ஃபுக்கும் என்ன வித்தியாசம் ஐயா? இரண்டு பேரும் பிறர் உழைப்பில் பெயர் வாங்கியவர்கள்தானே?"

வித்தியாசம் இருக்கிறது. ருடால்ஃப் திருடிக் கொண்டு ஓடினான்.  காப்ரினோ பட்டறையை விட்டுப் போகவே இல்லை. மற்றவர்களோடு அதே மேஜையின் முன்னால் குனிந்து நின்று, அந்த ஆயிரக் கணக்கான அசைவுகளைத் தம் விரலாலேயே அசைத்தார். தாயாரின் பொம்மையிலிருந்து ஆரம்பித்த மனிதருக்குக் கைவேலையின் அருமை தெரியாமல் இருந்திருக்காது. யார் யார் என்ன செய்தார்கள் என்பது படத்திலேயே பெயரோடு பதிவாகி இருக்கிறது. அதனால்தான் நாமும் இன்றைக்கு அவர்களைப் பெயர் சொல்லிப் பேச முடிகிறது.

இருந்தாலும் அந்த ரகசிய யந்திரக் கதையில் எனக்கு ஒரு குறை உண்டு. வியாபாரத்துக்கு அது நல்லதாக இருந்திருக்கலாம். பணம் கிடைக்காமல் கனவுப் படத்தையே கைவிட்ட மனிதர், ஜனங்கள் தம் படங்களைப் பற்றிப் பேசிக் கொண்டே இருக்கட்டும் என்று நினைத்ததில் தவறு சொல்ல முடியாது. ஆனால் இல்லாத யந்திரத்துக்குப் போன புகழ் ஒவ்வொன்றும் இருந்த மனிதர்களிடமிருந்து கழிக்கப்பட்ட புகழ். ஒரு தாயார் கண்ணைச் சுருக்கிக் கொண்டு தைத்த தையலுக்கும், ஒரு தச்சர் சிறுத்த உளியால் செதுக்கிய ஜன்னலுக்கும், 'அதெல்லாம் யந்திரம் செய்தது' என்று பெயர் வந்தால் அது நியாயமா?

திருடினால்தான் பிறர் உழைப்பை அபகரித்ததாக அர்த்தம் என்று நாம் நினைக்கிறோம். ஆச்சரியப்பட்டும் அபகரிக்கலாம். 'எப்படித்தான் செய்கிறார்களோ, மந்திரம் மாதிரி!' என்று சொல்லிவிட்டு நகர்ந்தால், செய்தவர்களைக் கண்ணால் பாராமலே போய்விடுகிறோம். வீடுகளில் இது தினம் நடக்கிற சங்கதி. சலவை செய்த வேஷ்டி அலமாரியில் இருக்கிறது. நேரத்துக்குக் காபி மேஜையில் இருக்கிறது. எல்லாம் 'தானாகவே' நடக்கின்றன!

ஆகையால், அடுத்த தடவை படம் பார்க்கப் போகும்போது ஒரு சின்னக் காரியம் செய்யுங்கள். பெயர்ப் பட்டியல் ஓடும்போது, குழந்தைக்கு முறுக்கு எடுத்துக் கொடுப்பதை ஒரு நிமிஷம் தள்ளிப் போடுங்கள். பொடி எழுத்தில் வரும் பெயர்களையும் படியுங்கள். தச்சு வேலை, தையல் வேலை, சாமான் ஏற்பாடு என்று நாலைந்து வரிகள் ஓடும். படிக்க அரை நிமிஷம் ஆகலாம். அந்த அரை நிமிஷத்துக்குப் பின்னால் மூன்றரை வருஷமும், அதற்கு முன்னால் வீணாகிப் போன ஒன்றரை வருஷமும் இருக்கக் கூடும்.